இரண்டு குழாய்க்கும் ஒரே ராசையா

'மண் வாசனை' என்று எழுதுகிறவர்கள் மண்ணில் இறங்கி வேலை செய்தவர்களாக இருக்க முடியாது. 1976 மே மாதம் 'அன்னக்கிளி' வெளிவந்ததிலிருந்து இன்றுவரை இளையராஜாவைப் பற்றி எழுத உட்காரும் எவருக்கும் இந்தச் சொல் பேனா முனையிலேயே தயாராக நிற்கிறது. எந்த மண், யாருடைய மண் என்று கேட்டால் பதில் வராது. எங்கள் திண்டுக்கல் சமவெளியில் மண்ணுக்குப் பட்டா ஒருத்தரிடம் இருக்கும், பாடுபடுவது இன்னொருத்தர். வாசனையை மட்டும் எப்படி எல்லோருக்கும் பொதுவில் வைத்தார்கள்?

இளையராஜாவை 'எங்க ஆளு' என்று தோளில் தூக்கிக் கொண்டாடுகிற எழுத்தும் நம்மிடம் நிறைய இருக்கிறது. 'சேரியை மறந்து போனவர்' என்று ஏசுகிற எழுத்தும் இருக்கிறது. இரண்டு தரப்புமே அவர் என்ன ஆனார் என்றுதான் பார்க்கின்றன. அவர் பாட்டு எங்கள் ஊருக்குள் வந்து என்ன செய்தது, அந்தப் பாட்டு வருவதற்கு முன்னால் அந்த இடத்தில் என்ன ஒலித்துக் கொண்டிருந்தது என்று யாரும் கேட்கவில்லை. அதைத்தான் எழுதப் போகிறேன். என் ஊர் ரெட்டியார்சத்திரத்துக்கு மேற்கே இருக்கிறது. பெயர் எழுதவில்லை. எங்கள் சனம் இன்னும் அங்கேதான் இருக்கிறது, நாளைக்கும் அந்தத் தெருவழியாகத்தான் நடக்க வேண்டும்.

1943-ல் பண்ணைப்புரத்தில் ராசையா பிறந்தபோது அந்த ஊரும் திண்டுக்கல்லும் ஒரே மதுரை மாவட்டத்துக்குள் இருந்தன. திண்டுக்கல் 1985-ல்தான் தனி மாவட்டமானது. கம்பம் பள்ளத்தாக்குக்கும் எங்களுக்கும் நடுவில் வத்தலக்குண்டு ரோடு. அவர்களுக்குப் பெரியாற்றுத் தண்ணீர், நெல்லு. எங்களுக்குக் குடகனாறு, மழை பெய்தால் ஆறு, பெய்யாவிட்டால் மணல். சோளம், கடலை, புகையிலை, வெங்காயம். காட்டு வேலை இல்லாத மாதங்களில் எங்கள் ஆட்கள் திண்டுக்கல் டவுனுக்கு நடந்துபோய்த் தோல் ஷாப்புகளில் சுண்ணாம்புக் குழியில் இறங்கினார்கள். தோலோடு தொடர்புள்ள இரண்டு வேலையும் எங்களுக்கே வந்து சேர்ந்தது. டவுனில் தோலைப் பதப்படுத்துவது, ஊரில் தோலை அடிப்பது.

எங்கள் சனம் எதையும் 'நாட்டுப்புறப் பாடல்' என்று சொன்னதில்லை. அது பல்கலைக்கழகம் கொடுத்த பெயர். எங்களிடம் இருந்தது நடவுப் பாட்டு, களைவெட்டுப் பாட்டு, கவலை இறைக்கிற பாட்டு, தாலாட்டு, ஒப்பாரி, கும்மி. ஒவ்வொன்றும் ஒரு வேலையின் பெயர். கவலை இறைக்கிற மாடு பின்னுக்கு வருகிற தூரத்துக்குத்தான் பாட்டின் அடி நீளும். நாத்து நடுகிறவள் குனிந்த வாக்கில் எவ்வளவு மூச்சுப் பிடிக்க முடியுமோ அவ்வளவுதான் ராகம் இழுக்கும். ஆண்டை வீட்டு எழவுக்குக்கூட எங்கள் பெண்கள்தான் போய் மாரடிக்க வேண்டும். அழுகிற வேலையையும் எங்களுக்குக் கூலிக்கு விட்டவர்கள் அவர்கள். இந்தப் பாட்டுகளின் மெட்டை மட்டும் உரித்தெடுத்து 'கிராமிய இசை' என்றால், மாட்டை விட்டுவிட்டுக் கவலையைப் பார்த்த கதைதான்.

இதையெல்லாம் சினிமாவுக்கு முன்னால் மேடைக்குக் கொண்டுபோனது கம்யூனிஸ்ட் கட்சி. அதை மறைக்க வேண்டியதில்லை. ராசையாவின் அண்ணன் பாவலர் வரதராசன் ஆர்மோனியத்தைத் தூக்கிக்கொண்டு மதுரை மாவட்டம் முழுக்க, கேரளத் தோட்டக் காடுகள் வரைக்கும் போய்ப் பாடினார். 1958-ல் தேவிகுளம் இடைத்தேர்தலில் கட்சி வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ் வென்றார். தோட்டத் தொழிலாளர்களிடம் பாவலர் பாட்டு செய்த வேலையைக் கட்சிக்காரர்கள் இன்றும் பெருமையாகச் சொல்வார்கள். அதன் பிறகுதான் சிறுவன் ராசையா அண்ணன் குழுவில் சேர்ந்து ஊர் ஊராகப் போனது. திண்டுக்கல்லிலோ தோல் தொழிலாளர்களை ஏ. பாலசுப்பிரமணியம் போன்றவர்கள் சங்கமாகத் திரட்டியிருந்தார்கள். கூட்டம் என்றால் முதலில் பாட்டு, அப்புறம்தான் பேச்சு. பாட்டைக் கேட்க வந்த கூட்டம் பேச்சுக்கும் உட்காரும் என்பது கணக்கு.

என் பெரியப்பா அந்தக் கச்சேரிகளில் ஒன்றிரண்டைத் திண்டுக்கல்லில் கேட்டவர். ராசையாவை விட ரெண்டு வயசு மூத்தவர். பறையடிப்பவர். அவர் சொல்வார்: "பாவலரு பாடுறப்ப நம்ம வீட்டுல பாடுற மாதிரியே இருக்கும்ப்பா. ஆனா மேடையில நிக்கிறாரு பாரு, அதான் வித்தியாசம். நம்ம சனம் மேடையில நின்னு பாடி அன்னிக்குத்தான் பாத்தேன்." கூலி உயர்வையும் நிலத்தையும் பற்றிப் பாடினார்கள். சாதியைப் பற்றிக் கட்சி மேடை அதிகம் பேசவில்லை. வர்க்கம் ஒழிந்தால் சாதியும் ஒழிந்துவிடும் என்ற நம்பிக்கை அப்போது அவர்களிடம் இருந்தது. ஆனாலும் எங்கள் மெட்டு எங்கள் வாயால், எங்கள் கோரிக்கையோடு சேர்ந்து ஒலித்த முதல் பொதுமேடை அதுதான் என்பதை நான் அழுத்திச் சொல்வேன். பின்னால் சினிமாவில் அந்தக் கோரிக்கை கழன்று மெட்டு மட்டும் தங்கியது.

பாவலர் 1973-ல் இறந்தார். அதே வருடம் மே மாதம் திண்டுக்கல் நாடாளுமன்ற இடைத்தேர்தலில் எம்.ஜி.ஆர். புதிதாகத் தொடங்கிய கட்சி தன் முதல் வெற்றியைப் பெற்றது. இரண்டையும் முடிச்சுப் போடுவது மிகை என்று சிலர் சொல்லக்கூடும். ஆர்மோனியப் பெட்டியும் துண்டு நோட்டீசுமாக இருந்த அரசியல் மேடையை சினிமா வெளிப்படையாகவே எடுத்துக்கொண்ட வருடம் அது, எடுத்துக்கொண்ட இடம் எங்கள் ஊர். இதற்கு மேல் நான் சொல்லவில்லை.

ராசையா 1968-லேயே சகோதரர் பாஸ்கரோடு சென்னைக்குப் போயிருந்தார். தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை படித்தார். லண்டன் டிரினிட்டி இசைக் கல்லூரியின் செவ்வியல் கிதார் தேர்வில் தேறினார். ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து கன்னடப் படங்களில் வேலை செய்தார். பஞ்சு அருணாசலம் 'அன்னக்கிளி' வாய்ப்பைக் கொடுத்து, ஏற்கெனவே ஏ.எம். ராஜா இருப்பதால் 'இளைய' சேர்த்து இளையராஜா என்று பெயர் வைத்தார். பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரிந்த கதை. ஆயிரம் படம்.

எல்லோருக்கும் தெரியாத கதை ஒன்று அந்தப் பாட்டுகளுக்குள்ளேயே இருக்கிறது. அவருக்கு முன்னாலும் தமிழ் சினிமாவில் கிராமத்துப் பாட்டு உண்டு. பெரும்பாலும் அது சிரிப்புக்கோ, கோமாளிக்கோ, நாயகி ஒரு நாள் மாறுவேடம் போடுவதற்கோ வந்தது. பட்டணத்துக்காரன் கிராமத்தானாக நடிக்கும் குரல் அது. 'அன்னக்கிளி'யிலும் அடுத்த ஆண்டு '16 வயதினிலே'யிலும் அந்த நடிப்பு இல்லை. தெம்மாங்கை அவர் வேடிக்கைப் பொருளாகக் காட்டவில்லை, அழுகிறவளுக்கும் காதலிக்கிறவளுக்கும் அதுவே சொந்த மொழி என்று வைத்தார். மெட்டு எங்கள் வீட்டு மெட்டாக மேலே போய்க்கொண்டிருக்கும்போது கீழே பேஸ் கிதார் தனியாக இன்னொரு மெட்டுப் போகும். நடுவில் வயலின்கள் மூன்றாவதாக ஒன்று பேசும். மூன்றும் ஒன்றை ஒன்று மிதிக்காது. வேலைக்காட்டில் ஒருத்தி பாட, இன்னொருத்தி குலவை போட, மூன்றாமவள் திட்டிக்கொண்டே களை வெட்ட, எல்லாம் ஒரே நேரத்தில் நடக்கிற ஒழுங்கு எனக்கு அதில் கேட்கிறது. இது என் காது. இசைப் பண்டிதர்கள் பாக் என்பார்கள், கவுண்டர்பாயிண்ட் என்பார்கள். இருக்கட்டும். பாக்கைப் படித்தவர்கள் எத்தனையோ பேர் சென்னையில் இருந்தார்கள். அவர்களுக்கு அது தெம்மாங்கோடு சேரும் என்று தோன்றவில்லையே?

ஆனால் தாளத்தைக் கவனியுங்கள். அந்தத் தொடக்க காலப் பாட்டுகளில் மெட்டு சேரியிலிருந்து வந்தாலும் தாளம் பெரும்பாலும் தபேலாவிலும் டோலக்கிலும்தான் வந்தது. பறை வேண்டுமென்றால் சாமியாட்டக் காட்சியோ சாவுக் காட்சியோ வர வேண்டும். வாயை உள்ளே விட்டார்கள், கையை வாசலிலேயே நிறுத்தினார்கள். இதை இளையராஜா ஒருவரின் குற்றமாக நான் சொல்லவில்லை. பறைச் சத்தம் கேட்டால் தியேட்டரில் இருப்பவனுக்குப் பிணம்தான் ஞாபகம் வரும் என்று படமெடுத்தவர்கள் நினைத்தார்கள். அந்த ஞாபகத்தை அவன் தலைக்குள் போட்டது சாதி.

1985-ல் வந்த 'சிந்து பைரவி'யில் இந்தச் சிக்கல் கதையாகவே வந்தது. கச்சேரி மேடையில் பாடும் பாகவதரிடம் ஒரு பெண் கேள்வி கேட்கிறாள். கிராமத்துப் பாட்டும் கீர்த்தனையும் ஒன்றோடொன்று பொருந்துகின்றன. தியாகராஜர் கீர்த்தனை ஒன்றை வழக்கமான ராகத்தை விட்டு வேறு ராகத்தில் இளையராஜா அமைத்ததற்கு சங்கீத வட்டாரத்தில் முணுமுணுப்பு எழுந்தது. படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது. நம் ஆட்களும் கைதட்டினார்கள். எனக்கு அந்தக் கைதட்டலில் ஒரு நெருடல் உண்டு. எங்கள் பாட்டு நல்ல பாட்டு என்பதற்கு அது ராகத்தோடு உறவுமுறை காட்ட வேண்டியிருக்கிறது. ராகத்திடம் யாரும் 'நீ எந்த நடவுப் பாட்டுக்குச் சொந்தம்' என்று கேட்பதில்லை.

இனி எங்கள் ஊருக்கு வருகிறேன்.

எழுபதுகளின் கடைசியில் எங்கள் பக்கம் மைக்செட் பெருகியது. கல்யாணம், காதுகுத்து, சடங்கு, கோயில் கொடை எதுவானாலும் வேப்பமரத்தில் குழாய் கட்டி ரிக்கார்டு போடுவார்கள். அதற்கு முன் இந்த வேலைகளுக்கு நையாண்டி மேளமும் பறையும் வேண்டும். பறையடிக்க வருபவனுக்கு ஊரில் மரியாதை கிடையாது, ஆனால் அவன் வராமல் காரியம் நடக்காது. களத்தில் நெல்லும் சோளமும் அளந்து போடுவார்கள். விசேச வீட்டில் சோறு தனியாக வாங்கிக்கொள்ள வேண்டும், பந்தியில் இடமில்லை. மைக்செட் வந்ததும் விசேசங்களிலிருந்து பறை கழன்றது. எழவுக்கு மட்டும் தங்கியது. கல்யாணத்துக்கு இளையராஜா, சாவுக்குப் பெரியப்பா என்று வேலை பிரிந்தது.

இதில் உள்ள கேலியைப் பாருங்கள். எங்கள் மெட்டைச் சுமந்து வந்த பாட்டே எங்கள் கொட்டை நல்ல காரியங்களிலிருந்து வெளியேற்றியது. முன்பு பறையில் சாமிக்கு ஒரு அடி, பொண்ணு அழைக்க ஒரு அடி, ஜல்லிக்கட்டுக்கு ஒரு அடி, பாடைக்கு ஒரு அடி என்று தனித்தனியாக இருந்தன. விசேசமே இல்லாதபோது அந்த அடிகள் எதற்கு? எனக்கு விவரம் தெரிந்த காலத்தில் எங்கள் தெருவின் இளவட்டங்களுக்குச் சாவடி மட்டும்தான் அடிக்கத் தெரியும். பறை என்றாலே சாவுதான் என்ற பேச்சு உண்மையாகிக்கொண்டே போனது.

தொலைக்காட்சியையும் சொல்ல வேண்டும். கொடைக்கானல் மலையில் தூர்தர்ஷன் அஞ்சல் நிலையம் வந்த பிறகு எங்கள் சமவெளியில் படம் தெளிவாகத் தெரிந்தது. பஞ்சாயத்துப் பெட்டியை ஊர்ச் சாவடியில் வைத்தார்கள். வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்' நேரத்தில் சேரியே கிளம்பிப் போகும். ஊர்ப் பிள்ளைகள் திண்ணையில் உட்கார்ந்திருக்கும், நாங்கள் ரோட்டில் நின்று பார்க்க வேண்டும். பெட்டியில் பாதி நேரம் இளையராஜா பாட்டுதான். பண்ணைப்புரத்துச் சேரிப் பையன் திண்ணைமேல் ஏறிவிட்டான், நாங்கள் ஏறவில்லை. ஒருநாள் எங்கள் தெருப் பையன் ஒருவன் திண்ணை ஓரத்தில் உட்கார்ந்ததற்காகப் பெட்டியையே அணைத்துவிட்டார்கள். பாட்டு பாதியில் நின்றது. அவர்களும்தான் பார்க்கவில்லை. தங்கள் சந்தோசம் போனாலும் பரவாயில்லை, நாம் உட்காரக் கூடாது. இதுதான் சாதி.

1989-ல் 'கரகாட்டக்காரன்' வந்தது. கங்கை அமரன் இயக்கம், அண்ணன் இசை. மதுரையில் ஒரு வருடத்துக்கு மேல் ஓடியது. நையாண்டி மேளத்தின் தவில், உறுமி, பம்பை எல்லாம் வெட்கமில்லாமல் முழுச் சத்தத்தோடு திரையில் வந்தன. எங்கள் பக்கத்துக் கலைஞர்கள் கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள், பிறகு சில வருடம் கரகாட்டத்துக்கு நல்ல கிராக்கி. ஆனால் படத்தில் அந்த ஆட்டக்காரர்களுக்குச் சாதி கிடையாது. அவர்கள் எங்கே தங்குவார்கள், யார் வீட்டில் சாப்பிடுவார்கள், ஆட்டம் முடிந்ததும் ஆடினவளை ஊர்ப் பெரிய மனுசன் எப்படிப் பார்ப்பான், எதுவும் வராது. கலையைக் காட்டினார்கள், கலைஞனைக் கழுவித் துடைத்துக் காட்டினார்கள்.

சாதி வந்தது 1992-ல். ஆனால் எங்கள் சாதி வரவில்லை. 'சின்னக் கவுண்டர்', 'தேவர் மகன்' இரண்டும் அந்த ஆண்டுப் படங்கள், இரண்டுக்கும் இளையராஜா இசை. சாதிப் பெயரையே தலைப்பாகத் தூக்கி வைத்துக்கொண்டு படங்கள் வரத் தொடங்கிய காலம். 'தேவர் மகன்' படத்தின் கதை அரிவாளை விட்டுவிட்டுப் படிக்கப் போகச் சொல்கிறது என்று வாதிடுவார்கள். படத்தைப் பார்த்தவர்களுக்கு அது சரி. மைக்செட்டில் கதை வருமா? பெரியவரைப் போற்றுகிற அந்த ஒரு பாட்டுத்தான் வரும். கமலஹாசன் வாயால் சொன்ன அறிவுரை தியேட்டரிலேயே தங்கிவிட்டது, வாலி எழுதி இளையராஜா மெட்டுப் போட்ட பெருமை மட்டும் குழாய் வழியாக எங்கள் தெருவுக்கு வந்தது. குருபூசை, கோயில் திருவிழா, கல்யாணம் எதுவானாலும் அந்தப் பாட்டு. சேரி வரும்போது சத்தத்தைக் கூட்டுவார்கள்.

எங்கள் பிள்ளைகள் சும்மா இருக்கவில்லை. அவர்களிடமும் ஒரு கேசட் இருந்தது. 1985-ல் வந்த 'அலை ஓசை' படத்தில், ஒடுக்கப்பட்டவனை எழுந்து நின்று போராடச் சொல்லுகிற பாட்டு. படம் பலருக்கு ஞாபகமில்லை. அந்தப் பாட்டு தென்மாவட்டச் சேரிகளில் அம்பேத்கர் பிறந்தநாளுக்கும் ஊர்வலத்துக்கும் கொடியேற்றத்துக்கும் கீதமாகிவிட்டது. ஊர்ப்பக்கம் வேப்பமரத்தில் ஒரு குழாய், எங்கள் பக்கம் புளியமரத்தில் ஒரு குழாய். அங்கே அது ஓடினால் இங்கே இது ஓடும். கொடியங்குளமும் மேலவளவும் நடந்த 1995, 1997 காலத்தில் எங்கள் பக்கத்திலும் கத்தி எடுக்கிற அளவுக்கு இந்தக் குழாய்ச் சண்டை போனது. ஒரு தடவை போலீஸ் வந்து இரண்டு பாட்டையும் போடக் கூடாது என்று மைக்செட்காரரிடம் எழுதி வாங்கிக்கொண்டு போனது. மைக்செட்காரர் பாவம், இரண்டு தரப்புக்கும் அவரே செட் கொடுத்திருந்தார்.

அந்த இரண்டு பாட்டுக்கும் இசை ஒரே ஆள். அன்றைக்கு வேப்பமரத்தடியிலும் புளியமரத்தடியிலும் நின்றவர்களில் யாருக்கும் இது பெரிய விசயமாகப் படவில்லை. எனக்கு இன்றுவரை இதைவிடப் பெரிய விசயம் அவர் இசை வாழ்க்கையில் கிடையாது. 1958-ல் தேயிலைக் காட்டில் பாடினபோது மெட்டும் சொல்லும் மேடையும் ஒரே கையில் இருந்தன. 1992-ல் மெட்டு ஒருவரிடம், சொல் ஒருவரிடம், மேடை பணம் போட்டவரிடம், குழாய் வாடகைக்கு எடுத்தவரிடம். இசையமைப்பாளர் கூலிக்கு மெட்டுப் போடுகிறவர். ஆண்டை வீட்டு எழவுக்கு மாரடித்த எங்கள் அப்பத்தா, செத்தவன் நல்லவனா கெட்டவனா என்று பார்த்து அழுததில்லை. ஆனால் அவளுக்குக் கூலியை மறுக்கிற வசதி கிடையாது. உச்சத்தில் இருந்த இளையராஜாவுக்கு இருந்தது. இந்த வித்தியாசத்தை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

2023-ல் மாரி செல்வராஜ் எடுத்த 'மாமன்னன்' இந்தக் கணக்கைத் திறந்து பார்த்தது. 'தேவர் மகன்' படத்தில் கையை இழந்த இசக்கியாக வந்த வடிவேலு, இதில் தலித் சட்டமன்ற உறுப்பினர். அந்த இசக்கிதான் இந்த மாமன்னன் என்று இயக்குநர் மேடையிலேயே சொன்னார். முப்பது வருடம் கழித்துத்தான் என்றாலும் யாரோ பதில் சொன்னார்கள்.

பறை பக்கம் நடந்ததையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். எண்பதுகள், தொண்ணூறுகளில் எங்கள் இளைஞர்கள் இனிப் பறையடிக்கப் போவதில்லை என்று முடிவெடுத்தார்கள். பல ஊர்களில் பறையைக் கொளுத்தினார்கள். அதற்குப் பதிலாக ஊர்க் கட்டுப்பாடு, வேலை மறுப்பு, அடி உதை எல்லாம் வாங்கினார்கள். கேதம் சொல்ல மாட்டோம், செத்த மாடு தூக்க மாட்டோம், கொட்டு அடிக்க மாட்டோம் என்பது ஒரே போராட்டத்தின் மூன்று கிளைகள். அதே காலத்தில் வேறொரு குரலும் எழுந்தது: இழிவு பறையில் இல்லை, அடிக்கச் சொன்னவனிடம் இருக்கிறது, கருவியை நாம் எடுத்துக்கொள்வோம். மதுரை அரசரடி இறையியல் கல்லூரியில் தியாபிலஸ் அப்பாவு, பரட்டை என்ற பெயரில், சேரி மெட்டுகளில் வழிபாட்டுப் பாட்டுகளைக் கட்டினார். கே.ஏ. குணசேகரன் இன்குலாபின் 'மனுசங்கடா' பாட்டை ஊர் ஊராகப் பாடினார். 1990-ல் திண்டுக்கல்லிலேயே சக்தி கலைக்குழு தொடங்கியது. சிஸ்டர் சந்திராவும் அவரோடிருந்தவர்களும் தலித் இளம்பெண்கள் கையில் பறையைக் கொடுத்தார்கள். பெண் தொடக் கூடாது என்று நம் ஆண்களே வைத்திருந்த தடையும் அதில் உடைந்தது. காலில் சலங்கை கட்டி, இடுப்பில் துணி இறுக்கி, தப்பைத் தோளில் மாட்டி அவர்கள் வரிசையாக அடியெடுத்து வந்தபோது, எங்கள் ஊர்ப் பெருசுகள் வாயைப் பிளந்து பார்த்தார்கள். பெரியப்பாவுக்கு முதலில் கோபம். "பொம்பளப் புள்ளைகளுக்கு எதுக்கு இந்த எழவு?" ரெண்டு நிமிசம் நின்று கேட்டார். அப்புறம் குழுவில் ஒரு பெண்ணைக் கூப்பிட்டு, "ஆத்தா, சிண்டுகுச்சியை இவ்வளவு இறுக்கிப் பிடிக்காத, விரலு தளர்ந்திருக்கணும்" என்று சொல்லிக் கொடுக்க ஆரம்பித்துவிட்டார்.

சினிமாவுக்கு வெளியில் இந்த வேலை நடந்துகொண்டிருந்தபோது இளையராஜா 1993-ல் லண்டனில் ராயல் பில்ஹார்மனிக் இசைக்குழுவை வைத்து ஜான் ஸ்காட் நடத்த ஒரு சிம்பொனியைப் பதிவு செய்தார். அது வெளிவரவில்லை. 2005-ல் 'திருவாசகம்' வந்தது. 2016 பொங்கலுக்கு வந்த பாலாவின் 'தாரை தப்பட்டை' அவருடைய ஆயிரமாவது படம் என்று விளம்பரமானது, பின்னணி இசைக்குத் தேசிய விருதும் வாங்கிக் கொடுத்தது. நாற்பது வருடம் கழித்து, படத்தின் பெயரிலேயே தப்பட்டை. 2012-க்குப் பிறகு பா. ரஞ்சித், மாரி செல்வராஜ் படங்களில் சந்தோஷ் நாராயணன் பறையையும் கானாவையும் நாயகனின் சொந்தச் சத்தமாகவே வைத்துவிட்டார். 2018 சனவரியில் 'கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்' சென்னையில் மேடையேறியது. வாசலில் நின்ற கை உள்ளே வந்தது. உள்ளே வந்தவர்களுக்கு வழி தெரிந்திருந்ததற்கு 1976 ஒரு காரணம் என்பதையும் நான் மறுக்கவில்லை.

2022 ஏப்ரலில் அம்பேத்கரையும் மோடியையும் ஒப்பிடும் நூலுக்கு இளையராஜா எழுதிய முன்னுரை வந்தது, ஜூலையில் மாநிலங்களவை நியமனம் வந்தது. அந்த முன்னுரை அம்பேத்கரைப் படிக்காமல் எழுதியது என்பது என் கருத்து. அதைச் சொல்ல ஆயிரம் வழி இருக்கிறது. ஆனால் முற்போக்குப் பேசுகிற பலர் தேர்ந்தெடுத்த வழி அவர் பிறப்பை இழுப்பது. காலமெல்லாம் அவர் மெட்டில் தாலாட்டுக் கேட்டு வளர்ந்ததுபோலப் பேசியவர்கள் ஒரே நாளில் 'இவனுக்கு இவ்வளவுதான் புத்தி' என்றார்கள். தன்னைச் சாதிக்குள் அடைக்காதீர்கள் என்று ஒருவர் ஆயுள் முழுக்கச் சொல்லலாம். அடைக்கிறவனுக்குச் சாவி கையிலேயே இருக்கிறது. 2024 டிசம்பரில் ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கோயிலில் அர்த்த மண்டபத்திலிருந்து அவர் வெளியே வரவேண்டியதாயிற்று. அது எல்லோருக்கும் பொதுவான விதி என்று கோயில் தரப்பு சொன்னது. தன் சுயமரியாதையை எங்கேயும் விட்டுக்கொடுப்பவன் அல்ல, வதந்தியை நம்பாதீர்கள் என்று அவரும் சொன்னார். இருவர் சொன்னதையும் எழுதிவிட்டேன். அந்த வீடியோவைக் கைபேசியில் பார்த்த எங்கள் தெருவில் யாரும் எதுவும் பேசவில்லை. 2025 மார்ச் 8 அன்று லண்டனில் 'வேலியண்ட்' சிம்பொனியை அதே ராயல் பில்ஹார்மனிக் வாசித்தபோது அதே தெருவில் வெடி போட்டார்கள்.

இப்போது ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் ஊர்ச் சமுதாயக் கூடத்தில் பதினைந்து இருபது பிள்ளைகள் பறை பழகுகிறார்கள். கல்லூரிக்குப் போகிற பிள்ளைகள். பாதிப் பேர் பெண்கள். சினிமாப் பாட்டுக்குத் தோதாக அடிக்கத்தான் ஆசை. கைபேசியில் பாட்டைப் போட்டு அதன்மேல் அடிப்பார்கள், அதில் பாதி இளையராஜா பாட்டு. பெரியப்பாவுக்கு இப்போது எண்பத்து நாலு. கையில் நடுக்கம், சிண்டுகுச்சி நிற்காது. வாயால் சொல்லுவார், பிள்ளைகள் அடிப்பார்கள். விசேசங்களோடு காணாமல் போன அடிகளை ஒவ்வொன்றாக அவரிடமிருந்து வாங்கி, பெயர் எழுதி, ஒலிப்பதிவு செய்துகொண்டிருக்கிறோம். சாமிக்கு நாலு, பொண்ணு அழைக்க ரெண்டு, மாட்டுக்கு ஒன்று, பாடை தூக்க, பாடை இறக்க, குழி மேட்டில் என்று மூன்று. போன வாரம் பத்தாவதோடு நிறுத்திவிட்டார். இன்னும் இருக்கா பெரியப்பா என்றேன்.

"இருக்குப்பா. மழை கேட்டு அடிக்கிறது ஒண்ணு இருக்கு. அதை அடிச்சு முப்பது வருசமாச்சு. முழுசா வரலை. கருக்கல்ல படுத்திருக்கிறப்ப பாதி வருது, எந்திரிச்சா போயிருது. பக்கத்துல அந்த மிசினை வச்சிட்டுப் போ, வர்றப்ப சொல்லி வைக்கிறேன்."

வைத்துவிட்டு வந்திருக்கிறேன்.